‘ஓரமாப் போ’ என்று சொல்லாதீர்கள்

(சென்னையில் ஒரு கிளை நூலகத்தின் வாசகர் வட்டத்தில், ஓய்வுபெற்ற தபால்காரர் ஒருவர் ஆற்றிய சொற்பொழிவின் எழுத்து வடிவம்)



நகரத்துக்குள் சைக்கிளில் போய்வருவது எப்படி என்று பேசச் சொன்னார்கள். இது நான் படித்துத் தெரிந்துகொண்ட விஷயம் இல்லை. முப்பத்தொரு வருஷம் அடையாறில், 600 020இல், தபால் கொடுத்தேன். வீடு மேற்கு மாம்பலம். காலையில் ஏழெட்டு கிலோமீட்டர் மிதித்து ஆபீசுக்குப் போவேன். தபாலைப் பிரித்து அடுக்கிக்கொண்டு பீட்டுக்குக் கிளம்பினால் காந்தி நகர், கஸ்தூரிபா நகர் தெருக்களில் இன்னொரு பத்துப் பன்னிரண்டு கிலோமீட்டர். சாயங்காலம் மறுபடி மாம்பலம். ஓய்வுபெற்ற பிறகும் சைக்கிளை விடவில்லை. இன்றைக்கும் அதில்தான் வந்தேன்.

சைக்கிள்காரனுக்கு இந்த ஊர் சொல்லும் புத்திமதி ஒன்றே ஒன்றுதான். ‘ஓரமாப் போ.’ வாசலில் நின்று அம்மா சொல்வாள். பஸ் கண்டக்டர் படிக்கட்டிலிருந்து எட்டிப்பார்த்துச் சொல்வார். லாரி கிளீனர் தகரத்தைத் தட்டிச் சொல்வார். அக்கறையில் சொல்பவரும் எரிச்சலில் சொல்பவரும் அதே வார்த்தையைத்தான் சொல்கிறார்கள். அதைக் கேட்டு, அதன்படி ஓட்டி, அதனால் விழுந்து, எலும்பு முறிந்த பிறகு எனக்குப் புரிந்தது, அந்தப் புத்திமதி தவறு என்று. நான் இன்றைக்குச் சொல்வதில் மற்றதெல்லாம் மறந்தாலும் இதை மறக்காதீர்கள்: இடப்பக்கம் போங்கள், ஓரத்தில் போகாதீர்கள்.

ஓரத்தில் அப்படி என்னதான் இருக்கிறது? நாளைக் காலையில் உங்கள் தெருமுனையில் நின்று, நடைபாதைக் கல்லிலிருந்து இரண்டடி அகலத்தை மட்டும் உற்றுப் பாருங்கள். மழைத் தண்ணீர் வடிவதற்காகச் சாலையை நடுவில் உயர்த்தி, பக்கங்களில் சரித்துப் போடுகிறார்கள். ஆகவே சாலையில் கிடக்கும் மணல், ஜல்லி, கண்ணாடித் தூள், ஆணி எல்லாம் தண்ணீரோடு இறங்கி ஓரத்தில் சேரும். வடிகாலின் வாயும் அங்கேதான். அதன்மேல் போட்ட இரும்புச் சட்டத்தில் கம்பிகள் சாலை போகிற திசையிலேயே நீளவாட்டில் இருந்தால், முன் சக்கரம் இடுக்கில் இறங்கி ஆளைத் தூக்கி முன்னால் எறியும். தாரும் சிமெண்டும் சேருகிற இடத்தில் ஒரு விளிம்பு இருக்கும். சக்கரம் அதை உரசிக்கொண்டு போனால் ஹேண்டில் பாரைத் திருப்ப முடியாது. நிறுத்திவைத்த கார், இளநீர் வண்டி, பஸ்ஸிலிருந்து இறங்கும் ஆட்கள், எதிர்த்திசையில் வரும் ஸ்கூட்டர், எல்லாமே அந்த இரண்டடிக்குள்தான்.

அங்கே போகிறவன் நேராகப் போக முடியாது. பள்ளம் வந்தால் வலப்பக்கம் ஒடிப்பான், கார் நின்றால் மறுபடி ஒடிப்பான். அவன் எப்போது ஒடிப்பான் என்று பின்னால் வருகிறவருக்குத் தெரியாது. அடிபடுவது அந்த ஒடிப்பில்தான். மூன்றடி தள்ளி, நூல் பிடித்த மாதிரி ஒரே கோட்டில் போகிறவனைப் பின்னால் வருகிறவர் தூரத்திலேயே பார்த்துவிடுவார். ஹாரன் அடிப்பார், திட்டுவார், ஆனால் பார்த்துவிட்டார் என்பதுதான் நமக்கு வேண்டியது. அதோடு, பஸ் ஒன்று மேலே வந்து நெருக்கினால் ஒதுங்குவதற்கு இடப்பக்கம் மூன்றடி மிச்சம் இருக்கும். ஓரத்திலேயே போகிறவன் ஒதுங்கினால் சாக்கடையில்தான் ஒதுங்க வேண்டும்.

1996, ஆடி மாதம். காந்தி நகரில் ஒரு குறுக்குத் தெரு. இரண்டு பக்கமும் தூங்குமூஞ்சி மரங்கள், வெயில் இலை இலையாகத் தரையில் விழுந்திருந்தது. பின்னால் ஒரு வேன் ஹாரன் அடித்தது. சொன்ன புத்திமதிப்படி ஓரமாக ஒதுங்கினேன். நிறுத்தியிருந்த ஒரு காரை உரசுகிற மாதிரி ஒதுங்கினேன். அந்தக் கார்க் கதவு திறந்தது. கதவின் விளிம்பு இடது கைப்பிடியில் பட்டதுதான் எனக்குத் தெரியும். அடுத்த நொடி வலத் தோள் தரையில் இடித்தது. வேன் கொஞ்சம் பின்தங்கி வந்துகொண்டிருந்ததால்தான் இங்கே நின்று பேசுகிறேன். காறை எலும்பு முறிந்திருந்தது. பையிலிருந்த தபாலெல்லாம் தெருவில் சிதறிக் காற்றில் ஓட, எதிர்வீட்டு அம்மா ஒருவர் மடியில் பொறுக்கி வந்தார். இன்லேண்டு லெட்டர்களை எண்ணிப் பார்த்து, ‘ஒண்ணும் போகலை தம்பி, நீ எழுந்திருக்காதே’ என்றார். ஆறு வாரம் கையைத் தூளியில் போட்டுக்கொண்டு வீட்டில் உட்கார்ந்திருந்தேன். ஒரு முழம் தள்ளிப் போயிருந்தால் அந்தக் கதவு காற்றில்தான் திறந்திருக்கும்.

அன்றிலிருந்து நின்றிருக்கும் காரைத் தாண்டும்போது ஒரு கதவு அகலம் விட்டுத்தான் போவேன். கண்ணாடி வழியாக உள்ளே தலை தெரிகிறதா, பிரேக் விளக்கு இப்போதுதான் அணைந்ததா என்று பார்ப்பேன். உங்களில் கார் ஓட்டுகிறவர்கள் இருப்பீர்கள். உங்களிடம் ஒரு வேண்டுகோள். நம் ஊரில் ஓட்டுநர் இருக்கை வலப்பக்கம். கதவை இடது கையால் திறந்து பழகுங்கள். இடது கை அந்தக் கைப்பிடிக்குப் போக வேண்டுமானால் உடம்பு திரும்பியாக வேண்டும். உடம்பு திரும்பினால் கண் பின்பக்கம் பார்த்துவிடும். இடப்பக்கம் உட்கார்ந்திருக்கும் பிள்ளைகளுக்கு வலது கையால் திறக்கச் சொல்லிக்கொடுங்கள். ஒரு வாரத்தில் கை தானாகப் போகும்.

குறுகிய தெருவில் நடுவாகவே போகலாம். ஒரு காரும் ஒரு சைக்கிளும் பக்கத்தில் பக்கத்தில் போக இடமில்லாத தெருவில் நீங்கள் ஓரம் போனால், ‘இடம் இருக்கிறது, நுழைந்துகொள்’ என்று காருக்குச் சொல்கிறீர்கள். இடம் இல்லை. ஆகவே நடுவில் போங்கள், அகலமான இடம் வந்ததும் கையைக் காட்டி அனுப்பிவையுங்கள். பின்னால் ஹாரன் விடாமல் அடித்தாலும் பதறி ஒடிக்காதீர்கள். நீங்கள் தேர்ந்தெடுத்த இடத்தில் ஒதுங்குங்கள், அவர் அவசரப்படுத்தும் இடத்தில் ஒதுங்காதீர்கள்.

‘இதெல்லாம் காந்தி நகரில் நடக்கும், அண்ணா சாலையில் நடக்குமா?’ என்று கேட்பீர்கள். நடக்காது. வண்டிகள் அறுபதில் பறக்கும் சாலையில் சைக்கிள்காரன் நெஞ்சை நிமிர்த்த வேண்டாம். அங்கே போகாமலிருப்பதுதான் வழி. மோட்டார் வண்டிக்காரருக்குக் கிட்டத்து வழி எது என்பது கேள்வி. நமக்கு அமைதியான வழி எது என்பதுதான் கேள்வி. ஒரு கிலோமீட்டர் சுற்றானாலும் பரவாயில்லை, அது நான்கு நிமிஷம்தான். அடையாறிலிருந்து திருவான்மியூர் போக எல்லோரும் எல்.பி. சாலையில் போய் நெரிபடுவார்கள். நான் பெசன்ட் நகருக்குள் புகுந்து, நிழலில் கலாக்ஷேத்ரா சாலையைப் பிடித்துத் திருவான்மியூருக்கு வந்துவிடுவேன். ராதாகிருஷ்ணன் சாலையில் போக வேண்டியவர்கள் அதற்கு இணையாகப் போகும் அவ்வை சண்முகம் சாலையைப் பாருங்கள். ஒவ்வொரு பெரிய சாலைக்கும் பக்கத்தில் ஒரு தம்பித் தெரு இருக்கும். தபால்காரனுக்கு அது தெரியும், கறிகாய் வண்டிக்காரருக்குத் தெரியும்.

ஆனால் இந்த ஊரின் தெருக்கள் ஆற்றங்கரையிலும் ரயில் பாதையிலும் முட்டி நிற்கும். அதைக் கடக்கிற இடங்கள் கொஞ்சம்தான். ஆகவே வழி போடும்போது முதலில் பாலத்தைத் தேர்ந்தெடுங்கள், பிறகு இரண்டு பக்கமும் தெருக்களைக் கோத்துக்கொள்ளுங்கள். அடையாற்றைக் கடக்கக் கடல் பக்கமிருந்து திரு.வி.க. பாலம், பிறகு கோட்டூர்புரம் பாலம், பிறகு சைதாப்பேட்டை மறைமலையடிகள் பாலம். நான் அரங்கநாதன் சப்வேயில் ரயில் பாதையைத் தாண்டி, சி.ஐ.டி. நகர், நந்தனம் வழியாக டர்ன்புல்ஸ் சாலைக்கு வந்து கோட்டூர்புரம் பாலத்தில்தான் ஆற்றைக் கடப்பேன். அண்ணா சாலையைக் குறுக்கே தாண்டுகிற ஒரே ஒரு இடத்தில், நந்தனத்தில், இறங்கித் தள்ளுவேன். இறங்கித் தள்ளுவதில் ஒரு குறைவும் இல்லை. சைக்கிளை விட்டு இறங்கிய நொடியில் நீங்கள் பாதசாரி. கத்திப்பாரா மாதிரி இடங்களிலும் மேம்பாலத்தில் ஏறாதீர்கள். வளைவு முழுக்கப் பின்னால் பார்க்க முடியாது, ஒதுங்க இடமும் கிடையாது. கீழே சுற்றிப் போங்கள்.

புது வேலைக்குச் சேருகிறவர்கள் திங்கட்கிழமை காலையில் முதல்முறை சைக்கிள் எடுக்காதீர்கள். முந்தின ஞாயிற்றுக்கிழமை அதே வழியில் மெதுவாகப் போய்ப் பாருங்கள். எந்தத் தெரு ஒருவழி, எங்கே வெள்ளை பூசாத வேகத்தடை, எங்கே நாய்க்கூட்டம் என்று கண்ணில் படும். அடையாறிலிருந்து சென்ட்ரல் பத்து கிலோமீட்டர் சுமார். நிதானமாக மிதித்தால் சிக்னல் நிற்பது உட்பட முக்கால் மணி நேரம்.

காற்றையும் கணக்கில் எடுங்கள். சென்னை தட்டையான ஊர், பாலங்களைத் தவிர ஏற்றம் கிடையாது, கியர் இல்லாத சைக்கிளே போதும். நமக்கு ஏற்றமென்றால் எதிர்க்காற்றுதான். கோடையில் காலை வேளையில் காற்று பெரும்பாலும் மேற்கிலிருந்து வரும், மத்தியானத்துக்கு மேல் கடல்காற்று கிழக்கிலிருந்து நுழையும். மேற்கே குடியிருந்து கடற்கரைப் பக்கம் வேலைக்குப் போகிறவருக்குப் போகும்போதும் வரும்போதும் காற்று முதுகில் கைவைத்துத் தள்ளும். மாம்பலத்துக்காரனான எனக்கு அந்தக் கொடுப்பினை உண்டு. கடற்கரைப் பக்கம் குடியிருந்து மேற்கே வேலைக்குப் போகிறவர்கள் கோடையில் இன்னும் பத்து நிமிஷம் முன்னதாகக் கிளம்புங்கள்.

இப்போது சிக்னல். சைக்கிள்காரர் உயிர் போகும் இடங்களில் இதுவும் ஒன்று, ஆகவே நிதானமாகச் சொல்கிறேன். சிவப்பு விழுந்து தண்ணீர் லாரி ஒன்று நிற்கிறது. அதன் இடப்பக்கம் ஒரு சந்து இருக்கிறது, சைக்கிள் நுழையும். நுழையாதீர்கள். லாரிக்காரர் வலப்பக்கம் உயரத்தில் உட்கார்ந்திருக்கிறார். முன் சக்கரத்துக்கும் கதவுக்கும் பக்கத்தில் இடது கீழ்ப்புறம் இருப்பது அவருக்குத் தெரியவே தெரியாது. பச்சை விழுந்து அவர் இடப்பக்கம் திரும்பினால், முன் சக்கரம் தாண்டிவிடும், பின் சக்கரம் உள்பக்கமாக வெட்டி வரும். அந்த உள்பக்கத்தில் நீங்கள் நிற்பீர்கள். கெட்டிக்காரத்தனத்துக்கு அங்கே வேலையே இல்லை. லாரிக்குப் பின்னால் நில்லுங்கள், புகையானாலும் பொறுத்துக்கொள்ளுங்கள். ஒரு சோதனை சொல்கிறேன்: அவருடைய பக்கக் கண்ணாடியில் அவர் முகம் உங்களுக்குத் தெரிகிறதா? தெரியாவிட்டால் நீங்களும் அவருக்குத் தெரியவில்லை. பஸ்ஸுக்கும் இதே விதி. பஸ் ஸ்டாப்புக்கு இடப்பக்கம் ஒடிக்கும் பஸ்ஸுக்கும் நடைபாதைக்கும் நடுவில் ஒருநாளும் புகாதீர்கள்.

பெரிய சாலையில் வலப்பக்கம் திரும்புவதற்கு நடுவில் போய் நிற்க வேண்டாம். பச்சையில் நேராகப் போய் எதிர்முனையின் இடது மூலையில் நில்லுங்கள். சைக்கிளை வலப்பக்கம் திருப்பி வைத்துக்கொண்டு அந்தப் பக்கத்துப் பச்சை விழுந்ததும் எல்லோரோடும் சேர்ந்து நேராகப் போங்கள். அரை நிமிஷம் கூடுதலாக ஆகும். சின்னத் தெருவில் திரும்பும்போது பின்னால் ஒருமுறை முழுசாகத் திரும்பிப் பார்த்து, கையை நீட்டி, பிறகு திரும்புங்கள். திரும்பிப் பார்ப்பதே ஒரு சைகைதான். பின்னால் வருகிறவர் உங்கள் முகத்தைப் பார்த்துவிட்டால் வேகத்தைக் குறைப்பார்.

மழைக்காலத்துக்கு ஒரே சட்டம்: தரை தெரியாத தண்ணீரில் சக்கரத்தை விடாதே. ஐப்பசி, கார்த்திகையில் தெரு முழுக்கத் தண்ணீர் ஒரே மட்டமாக நிற்கும், உள்ளே மூடி திறந்த சாக்கடைக் குழி இருக்கும். சப்வேக்களில் தண்ணீர் ஏறிவிட்டால் திரும்பிவிடுங்கள். நனைந்த ரிம்மில் பிரேக் உடனே பிடிக்காது. முதல் ஒரு சுற்றில் கட்டை தண்ணீரைத் துடைக்கும், அடுத்த சுற்றில்தான் பிடிக்கும். நிற்க வேண்டிய இடத்துக்கு வெகு முன்னாலேயே லேசாகப் பிடித்துப் பிடித்து விடுங்கள். இப்போது மெட்ரோ வேலைக்காகச் சாலை நெடுக இரும்புத் தகடு போட்டிருக்கிறார்கள். மழையில் அது எண்ணெய் தடவிய தோசைக்கல். அதன்மேல் திரும்பாதீர்கள், பிரேக் போடாதீர்கள், நேராக உருட்டிக் கடந்துவிடுங்கள். சாலையில் பூசிய வெள்ளைக் கோடும் அப்படித்தான். ரயில்வே கேட்டில் தண்டவாளத்தைக் குறுக்காக, செங்கோணத்தில் தாண்டுங்கள். சாய்வாகப் போனால் சக்கரத்தைப் பள்ளம் பிடித்துக்கொள்ளும்.

அந்தக் காலத்தில் சைக்கிளில் விளக்கு இல்லாமல் போனாலும் டபுள்ஸ் போனாலும் போலீஸ்காரர் பிடித்து டயரிலிருந்து காற்றைப் பிடுங்கிவிடுவார். மண்ணெண்ணெய் விளக்கு, பிறகு டைனமோ விளக்கு என்று எல்லோரும் ஏதோ ஒன்றை மாட்டியிருந்தார்கள். இன்றைக்கு யாரும் பிடிப்பதில்லை, ஆகவே யாரும் விளக்கு போடுவதில்லை. ஆனால் சாலையில் வேகம் பல மடங்கு கூடிவிட்டது. இரவு பத்து மணிக்கு மேல் பாருங்கள், யார் சைக்கிளில் போகிறார்கள் என்று. ஷிப்ட் மாறும் வாட்ச்மேன், ஹோட்டல் பாத்திரம் கழுவிவிட்டு வீடு திரும்பும் பையன், கேரியரில் டீ பிளாஸ்கைக் கட்டிக்கொண்டு வேலை நடக்கும் இடங்களைச் சுற்றும் பெரியவர். விடிகாலையில் பேப்பர் பையன்கள், வீட்டு வேலைக்கு வரும் பெண்கள். சாம்பல் நிறச் சட்டை, கறுப்புச் சைக்கிள், விளக்கு கிடையாது. இந்த ஊர் அவர்களிடம்தான் ‘ஓரமாப் போ’ என்று அதிகமாகச் சொல்கிறது. ஊரைக் காவல் காத்து, ஊருக்கு டீ கொடுத்து, ஊர்ப் பாத்திரத்தைக் கழுவுகிறவர்களுக்கு மூன்றடி இடம் கொடுப்பது கருணை இல்லை. அது அவர்களுக்குச் சேர வேண்டிய பங்கு. இதைச் சொல்லும்போது எனக்குக் கோபம் வருகிறது, மன்னிக்க வேண்டும்.

சரி, நம்மால் ஆனதைச் செய்வோம். பின்னால் சிவப்பு விளக்கு, முன்னால் வெள்ளை விளக்கு. டைனமோ விளக்கு சைக்கிள் நின்றால் அணைந்துவிடும், ஆகவே பின்பக்கத்துக்கு பேட்டரி விளக்கே நல்லது. இன்னும் மலிவானது வெளிச்சம் பட்டால் மின்னும் ஸ்டிக்கர். பின் மட்கார்டில் சிவப்பு ஒட்டுங்கள். பெடலின் முன்னும் பின்னும் மஞ்சள் ஒட்டுங்கள். மேலும் கீழும் போகும் இரண்டு மஞ்சள் புள்ளியைப் பார்த்தால் தூரத்திலிருந்தே சைக்கிள் என்று தெரிந்துவிடும். உங்கள் குடியிருப்பு வாட்ச்மேன் சைக்கிளில் வருகிறாரென்றால் அவர் அனுமதியோடு நீங்களே ஒட்டிக்கொடுங்கள். ஹெல்மெட் போடுங்கள். தாடைக்கும் வாருக்கும் நடுவில் இரண்டு விரல் நுழைகிற அளவு இறுக்கம் போதும்.

இரவில் நாய் துரத்தினால் வேகமாக மிதிக்காதீர்கள். ஓடுகிற காலைத்தான் அது துரத்துகிறது. மிதிப்பதை நிறுத்தி, இறங்கி, உங்களுக்கும் நாய்க்கும் நடுவில் சைக்கிளை வைத்துக்கொண்டு நில்லுங்கள். முக்கால்வாசி நாய்கள் இரண்டு தரம் குரைத்துவிட்டுப் போய்விடும். தபால்காரனுக்கு இதில் அனுபவம் அதிகம். கடித்துவிட்டால் சோப்புப் போட்டு ஓடுகிற தண்ணீரில் பதினைந்து நிமிஷம் கழுவிவிட்டு, அன்றைக்கே ஊசி போட்டுக்கொள்ளுங்கள். நாளைக்குப் பார்க்கலாம் என்று விடாதீர்கள்.

சைக்கிள் எது வாங்கலாம் என்று முன்வரிசையில் இருக்கும் தம்பி வரும்போதே கேட்டார். முதலில் வீட்டு மாடிப்படிக்கடியில் பாருங்கள் என்றேன். அரசுப் பள்ளியில் பதினொன்றாம் வகுப்பில் கொடுத்த சைக்கிள் எத்தனையோ வீடுகளில் துருப்பிடித்துச் சாய்ந்து கிடக்கிறது. டயர் வெடிப்பு விட்டிருந்தால் மாற்ற வேண்டும், பிரேக் கட்டை மாற்ற வேண்டும், இரண்டு சக்கரத்தையும் பிரித்து கிரீஸ் வைத்து, போக்ஸ் கம்பிகளை இழுத்துப் பெண்டு எடுக்க வேண்டும். ஒரு நாள் வேலை. டியூப் இன்வெஸ்ட்மெண்ட்ஸ் 1949இல் தொடங்கி அம்பத்தூரில் ஹெர்குலிஸ் சைக்கிள் செய்த ஊர் இது. பழைய சைக்கிளைப் பழுதுபார்க்கத் தெரிந்த கை இன்னும் ஒவ்வொரு பேட்டையிலும் இருக்கிறது. அந்தக் கடைக்காரரைத் தெரிந்து வைத்துக்கொள்ளுங்கள்.

சீட் உயரம்தான் எல்லோரும் தவறு செய்யும் இடம். நம்மில் பாதிப்பேர் குழந்தை மாதிரி முழங்காலை நெஞ்சுக்குக் கொண்டுவந்து மிதிக்கிறோம், பிறகு முட்டி வலிக்கிறது என்கிறோம். சீட்டில் உட்கார்ந்து குதிகாலைப் பெடலில் வையுங்கள். பெடல் அடியில் இருக்கும்போது கால் நேராக நீள வேண்டும். மிதிக்கும்போது பாதத்தின் முன்பகுதியால் மிதிப்பதால் முழங்கால் சற்றே மடங்கும், அதுதான் சரி. வாரம் ஒருமுறை காற்று அடியுங்கள். எவ்வளவு என்று டயரின் பக்கவாட்டில் அச்சிட்டிருக்கும். காற்று குறைந்த டயரோடு மிதிப்பது மணலில் நடப்பது மாதிரி. செயினுக்குத் தேங்காய் எண்ணெய் விடாதீர்கள், புழுதியை இழுத்துப் பிசினாக்கும். தையல் மெஷின் எண்ணெய் சொட்டுச் சொட்டாக விட்டு, மேலே இருப்பதைத் துணியால் துடைத்துவிடுங்கள். முன் பிரேக்கைக் கண்டு பயப்பட வேண்டாம். நிறுத்துகிற சக்தி அதில்தான் அதிகம். இரண்டையும் சேர்த்து, படிப்படியாக அழுத்துங்கள்.

பெரியவர்களான பிறகு சைக்கிள் கற்றுக்கொள்ள முடியுமா என்று பெண்கள் சிலர் கேட்டார்கள். 1991இல் புதுக்கோட்டை மாவட்டத்தில் அறிவொளி இயக்கம் நடந்தபோது, ஷீலா ராணி சுங்கத் ஆட்சியராக இருந்தார். எழுத்துப் பாடத்தோடு சைக்கிளையும் சேர்த்தார்கள். கல் உடைக்கிற பெண்கள், கூலிக்குப் போகிற பெண்கள், ஆயிரக்கணக்கில் கற்றுக்கொண்டார்கள். லேடீஸ் சைக்கிள் கிடைக்காதபோது குறுக்குக் கம்பி வைத்த சைக்கிளையே ஓட்டினார்கள். என் தங்கை அறந்தாங்கியில் வாழ்க்கைப்பட்டவள். முப்பது வயதில், இரண்டு பிள்ளைக்குப் பிறகு, அப்போதுதான் கற்றுக்கொண்டாள். முதல்முறை தனியாகச் சந்தைக்குப் போய்விட்டு வந்து எனக்கு ஒரு கார்டு எழுதினாள். அதில் வேறு சேதி எதுவும் இல்லை, சைக்கிளில் போனேன் என்பது மட்டும்தான் இருந்தது.

நானெல்லாம் வாடகைச் சைக்கிள் எடுத்து, கம்பிக்கு அடியில் காலை விட்டுக் குரங்குப் பெடல் போட்டுக் கற்றவன். உங்களுக்கு அந்தப் பாடு வேண்டாம், கேரியரைப் பிடித்துக்கொண்டு பின்னால் ஓட ஆளும் வேண்டாம். சைக்கிள் கடையில் சொல்லி இரண்டு பெடலையும் கழற்றிவிடுங்கள். இரண்டு பாதமும் தரையில் முழுக்கப் பதிகிற மாதிரி சீட்டை இறக்குங்கள். காலால் தரையை உந்தி உந்திப் போங்கள். 1817இல் ஜெர்மனியில் கார்ல் வான் டிரைஸ் முதன்முதல் ஓட்டிக் காட்டிய வண்டியும் இப்படித்தான், பெடலே கிடையாது. கண் சக்கரத்தைப் பார்க்கக் கூடாது, தெருக்கோடியைப் பார்க்க வேண்டும். இரண்டு காலையும் தூக்கிக்கொண்டு பத்தடி உருள முடிந்த அன்றைக்குப் பெடலை மாட்டுங்கள். சேலையோ துப்பட்டாவோ, முழுச் செயின் கவரும் பின் சக்கரத்துக்கு வலையும் உள்ள சைக்கிளாக இருக்கட்டும். முந்தானையை இழுத்துச் செருகிவிடுங்கள்.

வெயிலைப் பற்றி அதிகம் சொல்ல ஒன்றுமில்லை. பருத்திச் சட்டை போடுங்கள், மாற்றுச் சட்டை ஒன்றைக் கேரியரில் வையுங்கள்; முதுகில் பை மாட்டாதீர்கள், வியர்வை முக்கால்வாசி அங்கேதான். தாகம் எடுப்பதற்கு முன்னால் உப்புப் போட்ட மோர் குடியுங்கள். பூட்டும்போது சங்கிலி சட்டத்தையும் சக்கரத்தையும் சேர்த்து அசையாத ஒன்றோடு பிணைய வேண்டும். பெடல் அச்சுக்கு அடியில் சட்டத்தில் ஒரு எண் குத்தியிருக்கும். அதை இன்றிரவே எழுதிவைத்துக்கொள்ளுங்கள், திருடு போனால் போலீசில் முதலில் கேட்பது அதைத்தான்.

2014இல் சென்னை மாநகராட்சி, நடப்பவர்களுக்கும் சைக்கிள்காரர்களுக்கும் முன்னுரிமை கொடுக்கும் கொள்கை ஒன்றை ஏற்றது. இந்தியாவில் அப்படி ஏற்ற முதல் மாநகராட்சி இதுதான். 2019இல் பாண்டி பஜாரில் அகலமான நடைபாதையும் வந்தது. அங்கே நடந்து பார்த்தால் தெருவை மாற்ற முடியும் என்று தெரிகிறது. ஆனால் சைக்கிளுக்கென்று கோடு போட்ட இடங்களில் நான் பார்த்தவரை காரைத்தான் நிறுத்தியிருக்கிறார்கள். அந்தக் கோட்டுக்குள் ஒரு கார் நிற்பதைப் பார்த்தால் சும்மா போகாதீர்கள். வார்டு உறுப்பினருக்கு ஒரு கடிதம் எழுதுங்கள். கடிதத்துக்கு இன்னும் மரியாதை இருக்கிறது என்று நம்புகிறவன் நான்.

கேள்விகளை வெளியே வைத்துக்கொள்ளலாம். ஏனென்றால் வாசலில் நிற்கும் என் சைக்கிளின் பின் டயரில் காலையிலிருந்து காற்று இறங்குகிறது. இறங்கினால் உடனே பஞ்சர் என்று கடைக்கு உருட்டாதீர்கள். வால்வுக்குள் ஒரு சின்ன ரப்பர்க் குழாய் இருக்கிறது, வால்டியூப். வெயிலில் அது வெடித்துப்போகும். வால்வு வாயில் ஒரு சொட்டுத் தண்ணீர் வைத்துப் பார்த்தால் தெரியும்: குமிழி வந்தால் வால்டியூப், வராவிட்டால் டியூபில் பஞ்சர். ஒரு சாண் வால்டியூபும், பஞ்சர் ஒட்டும் சொல்யூஷனும், உப்புத்தாளும் சட்டைப்பையில் வைத்திருக்கிறேன். நூலகர் அம்மா ஒரு வாளியில் தண்ணீர் பிடித்து வைத்திருக்கிறார். இருட்டுவதற்குள் வாருங்கள், எது என்று பார்த்துவிடுவோம்.